முப்பதாவது நிமிடத்தில் இருபத்தெட்டு

2023ஆம் ஆண்டு மே மாதம் 13ஆம் திகதி, சனிக்கிழமை, பிற்பகல் இரண்டு மணி முப்பத்துநாலு நிமிடம். வெப்பநிலை ஒன்பது பாகை. ஏரிப் பக்கமிருந்து மெல்லிய காற்று. மழை இல்லை, மூடுபனிப் புகார் மட்டும். ரூஜ் என்ற இடத்தில் ஏரிக்குக் கிட்ட உள்ள எங்கள் மைதானத்தின் எதிர்க் கரைக் கோடு தெரிந்தும் தெரியாமலும் இருந்தது. வடக்கே இரண்டு கிலோமீற்றர் தள்ளி அதே நேரம் வெயில் எறித்ததாகப் பிறகு அறிந்தேன். அந்த நிமிடத்தில் நான் ஒரு தாளில் 13 என்று எழுதினேன். நான் எண்ணியது பதின்மூன்று அல்ல.

ஒன்பது பருவங்களில், எண்ணாத ஓர் எண்ணை நான் எழுதியது அந்த ஒரு தடவைதான். அதை எழுதி வைக்கும்படி கேட்டவள் நிரோஷா, இப்போது என்னுடைய கதிரையில் இருக்கிற பிள்ளை. இந்தப் பருவத்திலிருந்து ஆட்டக்காரிகள் பல்லுக்கு மாட்டுகிற காப்புக்குள் ஒரு சின்ன சிப் வைத்திருக்கிறார்கள். தலையில் எத்தனை அடி பட்டது, எவ்வளவு பலமாகப் பட்டது என்று அதுவே எண்ணி அவளுடைய கைக்கணினிக்கு அனுப்பிவிடும்.

"அங்கிள், பிஃபோர் திஸ் நீங்கள் எப்பிடிச் செய்தனீங்கள்? லைக், கண்ணாலயோ?"

"கண்ணாலதான்."

"ஒன்லி கண்ணால?"

"சொக்ஸாலயும்."

அவள் சிரித்தாள். பிறகு நான் சிரிக்காததைக் கண்டு, "சீரியஸ்லி, எழுதி வையுங்கோ. அம்மா எனக்கு வாசிச்சுக் காட்டுவா" என்றாள். அதனால் எழுதுகிறேன்.

முந்திய வேலைகளைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. யாழ்ப்பாணத்தில் ஏழு வருடம் கணித ஆசிரியர். இங்கே வந்து மார்க்கம் நகரில் ஒரு கார் உதிரிப்பாகக் களஞ்சியத்தில் இருபத்திரண்டு வருடம் இருப்பு எண்ணினேன். அறுபத்திரண்டாவது வயதில் நிறுத்திவிட்டார்கள். எண்ண ஒன்றும் இல்லாமல் வீட்டுப் படிகளை எண்ணிக்கொண்டு திரிந்த நாளில், நூலகப் பலகையில் ஓர் அறிவித்தல் கண்டேன். பெண்கள் றக்பி லீக் ஒன்றுக்கு ஆட்ட நாள் அலுவலர் தேவை, சனிக்கிழமைகளில் மட்டும். போனேன். மேசையில் இருந்தவர் நரைத்த, மெலிந்த வெள்ளைக்காரர்.

"எனக்கு றக்பி தெரியாது" என்றேன்.

"எண்ணத் தெரியுமா?" என்றார்.

அவர்தான் ஹரல்ட். வட இங்கிலாந்தில் நடுவராக இருந்து ஓய்வு பெற்றவர். லீக்கின் அலுவலர் எல்லோருக்கும் மேலாளர்.

விளையாட்டைத் தெரியாதவர்களுக்காக இரண்டு வரி. ஒரு பக்கத்துக்குப் பதின்மூன்று பேர். நாலு பேர் கோட்டுக்கு வெளியே வாங்கில் காத்திருப்பார்கள். ஆக அணிக்குப் பதினேழு. பந்தோடு ஓடுகிறவளைப் பிடித்து விழுத்துவதற்கு ரக்கிள் என்று பெயர். ஆறு ரக்கிள் ஆனால் பந்து மற்றப் பக்கத்துக்குப் போய்விடும். எண்பது நிமிடமும் இதுதான். வன்முறை என்று என் மகன் சொன்னான். எனக்கு அது கணக்காகத்தான் தெரிந்தது.

என் வேலை ஐந்து நிமிடத்துக்கு ஒரு தடவை, எனக்கு ஒப்படைத்த எங்கள் அணியை எண்ணுவது. மாறி மாறி ஆட்கள் உள்ளே போய் வெளியே வருகிற ஆட்டத்தில், பதின்மூன்றுக்கு மேல் ஒருத்தி நின்றுவிட்டால் அது குற்றம். தாளில் ஒவ்வோர் எண்ணலுக்கும் இரண்டு கட்டம். முதலாவது எண்ணிக்கை. இரண்டாவது நிலை. பதின்மூன்று பேரையும் தனித்தனியே பார்த்து, எல்லோரும் தம் காலில் ஒழுங்காக நிற்கிறார்கள் என்று கண்டால் மட்டும் அதில் ஒரு சரி அடையாளம். என் மடியில் தோடம்பழ நிறத்தில் பிடி போட்ட ஒரு மட்டை இருக்கும். எண்ணிக்கை பிழைத்தால் அதை உயர்த்த வேண்டும். விசில் ஊதும். அணி முழுவதும் கோட்டில் வரிசையாக நிற்கும். இலக்கம் சொல்லிக் கூப்பிடுவார்கள். அப்போது டொக்டர் வரிசை நெடுக நடந்து ஒவ்வொருத்தியின் கண்ணையும் பார்ப்பார். இந்தக் கடைசிப் பகுதி விதிப் புத்தகத்தில் இல்லை. ஆட்டத்தை நிறுத்தியதுதான் நிறுத்தினோம், அந்த நேரத்தைப் பயன்படுத்துவோம் என்று ஹரல்ட் சேர்த்தது.

ஹரல்ட் ஒருநாளும் சத்தமாகப் பேசியதில்லை. சட்டைப் பையில் இரண்டு பென்சில் வைத்திருப்பார், ஒன்று நீளம், ஒன்று கட்டை. எழுதுவது கட்டையால்தான். நீளமானது எதற்கென்று கேட்டேன். "கட்டை முடிந்தால்" என்றார். 'ஏறக்குறைய' என்ற சொல் அவருக்கு ஆகாது. கழிவறையில் கை கழுவும்போது பக்கத்தில் வந்து நின்றாலும், முகமன் சொல்வதில்லை. "எத்தனை, மிஸ்டர் நாதன்?" என்பார். அன்றைய ஆட்டத்தில் எத்தனை மாற்றம், எத்தனை நிறுத்தம் என்று நான் சொல்வேன். தலையாட்டிவிட்டுப் போவார்.

பயிற்சி என்று மூன்று சனிக்கிழமை. அதில் அவர் சொன்னவை இரண்டே விஷயம்.

"முகத்தைப் பார்த்து எண்ணாதே. ஜேர்சியைப் பார்த்தும் எண்ணாதே. சொக்ஸை எண்ணி இரண்டால் பிரி. முகத்தைப் பார்த்தால் உனக்குப் பிடித்த முகத்தை நீ இரண்டு தரம் எண்ணுவாய்."

மற்றது, "ஒரு பொய் எண் இருக்கிற புத்தகம் புத்தகம் இல்லை."

ஆட்டம் முடிந்து மைதானத்துப் படலையால் ஆட்கள் வெளியேறும்போதும் எண்ண வைத்தார். உள்ளே போனது பதினேழு என்றால் வெளியே வருவதும் பதினேழாக இருக்க வேண்டும். ஒருமுறை ஏனென்று கேட்டேன். அவர் மைதானத்தைத் திரும்பிப் பார்த்தார்.

ஜெசிந்தா எங்கள் ஒன்பதாம் இலக்கம். ஹூக்கர் என்பார்கள். நடுவில் நின்று மற்ற எவரையும் விட அதிக ரக்கிள் செய்கிற இடம். தாய் தகப்பன் தீவுப் பகுதியிலிருந்து வந்த வேதக்காரர், கத்தோலிக்கர். அவள் பிறந்தது இங்கே, வளர்ந்தது அஜக்ஸில். எங்கள் லீக் ஆட்டத்துக்கு இவ்வளவு என்று கூலி கொடுக்கும், அதில் சீவிக்க முடியாது. ஆனால் ஜெசிந்தா இடையில் இரண்டு பருவம் இங்கிலாந்தில் ஒப்பந்தத்தில் ஆடி, மாதச் சம்பளம் வாங்கி, வீட்டுக்கும் அனுப்பியவள். திரும்பி வந்ததும் என்னிடம் சொன்ன முதல் வார்த்தை, "அங்க பெஞ்சில இருந்த கிழவனுக்கு உங்களை மாதிரி எண்ணத் தெரியாது, அங்கிள்."

அதற்கு முதல், 2016இல், அவளுக்கு என்மேல் கோபம். மாற்று ஆள் உள்ளே போனபோது வெளியே வர வேண்டிய பிள்ளை வராமல் நின்றுவிட்டாள். இருபத்தெட்டு சொக்ஸ். மட்டையைத் தூக்கினேன். அந்தத் தண்டனையில் எதிரணி புள்ளி எடுத்து எங்களை வென்றது.

"எங்கட ஆளெல்லோ நீங்கள்? எங்களுக்கே தூக்கிறீங்களே?"

"பதினாலு பேர் நிண்டீங்கள்."

"ஒண்டைக் கண்டும் காணாமலும் விட்டா என்ன?"

"பிறகு எனக்கு எண்ணத் தெரியாது எண்டு ஆயிடும்."

அவள் என்னை ஒரு நிமிடம் பார்த்தாள். "அப்ப என்ர ரக்கிளையும் எண்ணுங்கோ. இஞ்ச ஒருத்தரும் எண்ணுறேல்லை" என்றாள்.

அன்று தொடங்கி அவளுடைய ரக்கிளைத் தாளின் ஓரத்தில் கோடு போட்டு எண்ணினேன். அது என் வேலை இல்லை. ஆனால் வேறு எவரும் எண்ணாததால் லீக்கின் பதிவேட்டில் என் கோடுகளே ஏறின. ஒவ்வோர் ஆட்டமும் முடிய, பல்லுக் காப்பைக் கழற்றிக்கொண்டு நேரே என் கதிரைக்கு வருவாள்.

"கணக்கு அங்கிள், எத்தினை?"

"முப்பத்தேழு."

"நாப்பது எண்டு போடுங்கோ."

"போடமாட்டன்."

"கஞ்சன்."

ஒருமுறை அவளுடைய தாய் வந்திருந்தா. அந்த ஒருமுறைதான் வந்தவ. நான் கோடு போடுவதைப் பார்த்துவிட்டு, "அண்ணை, பிள்ளையளை எண்ணாதேங்கோ, கண்ணூறு படும்" என்றா. ஜெசிந்தா வெட்கப்பட்டு, "அம்மா, இட்ஸ் ஹிஸ் ஜொப்" என்றாள். நான் சிரித்தேன்.

இனி என் கண்ணைப் பற்றிச் சொல்ல வேண்டும். 2021இல் வலது கண்ணில் புரை தொடங்கியிருக்கிறது என்று கண் வைத்தியர் சொன்னார். சத்திரசிகிச்சை செய்து அதை வெட்டினால் ஆறு கிழமை மைதானத்துக்குப் போக முடியாது. ஆறு கிழமை வேறு ஒருவர் அந்தக் கதிரையில் இருந்தால் பிறகு அது அவருடைய கதிரை. சனிக்கிழமை இல்லாவிட்டால் எனக்குக் கிழமையில் ஆறு நாள்தான். பிறகு பார்ப்போம் என்று விட்டேன்.

லீக்கில் ஒவ்வொரு பங்குனியும் அலுவலருக்குக் கண் பரிசோதனை உண்டு. சுவரில் எழுத்துத் தாள், ஒவ்வொருவராக, ஒரு கண்ணை மூடி மற்றதால் வாசிக்க வேண்டும். நான் வரிசையில் எட்டாவது ஆளாக நின்றேன். முன்னால் ஏழு பேர் வாசித்தார்கள். கடைசி இரண்டு வரியில் பதினைந்து எழுத்து. ஒரு பாடசாலை முழுவதின் புள்ளிகளையும் மனதில் வைத்திருந்தவனுக்கு அது என்ன பெரிய காரியம்? என் முறை வந்தபோது கண்ணுக்கு முன்னால் வெள்ளைத் தாளில் சாம்பல் பூசியதுபோல் இருந்தது. பதினைந்து எழுத்தையும் பிழையில்லாமல் சொன்னேன். மூன்று பங்குனி அப்படிச் சொன்னேன்.

அதற்குப் பிறகுதான் அந்த மே மாதச் சனிக்கிழமை.

பருவத்தின் முதல் ஆட்டம். ஜெசிந்தாவுக்கு முப்பத்தொரு வயது. ஆனியில் ஓர் அவுஸ்திரேலியக் கழகத்துக்குப் போக ஒப்பந்தம் பேசி முடிந்திருந்தது. உடற் பரிசோதனை ஒன்றுதான் மிச்சம். இதற்கு முன் இரண்டு தடவை தலையில் அடிபட்டு ஓய்வில் இருந்தவள். மூன்றாவது பதிவானால் ஒப்பந்தம் இல்லை. அது எல்லோருக்கும் தெரியும்.

இருபத்தைந்தாவது நிமிடம், இருபத்தாறு சொக்ஸ். பச்சையில் இரண்டு வெள்ளை வளையம். முப்பதாவது நிமிடத்துக்குச் சற்று முன்னால் எதிர்க் கரையில் புகாருக்குள் ஒரு ரக்கிள். ஆட்கள் தெரியவில்லை. சத்தம் மட்டும் வந்தது, ஈரத் துணி மூட்டையைச் சீமெந்தில் போட்டதுபோல. பிறகு பந்து இந்தப் பக்கம் வர, எல்லோரும் அதன் பின்னால் வந்தார்கள். நான் குனிந்து எண்ணினேன். இரண்டு, நாலு, ஆறு என்று போய் இருபத்தாறில் முடிந்தது. பென்சிலை எடுத்தேன். எதிர்க் கரையில் இன்னும் ஒரு சோடி நின்றது.

ஆட்டத்தில் நிற்கிற காலும் முழுதாய் நிற்பதில்லை. குதி எழும்பும், பாதம் மாறும். இந்தக் கால்கள் நட்ட தடிபோல் நின்றன. மறு முனையிலிருந்து எண்ணினேன். இருபத்தெட்டு. நடுவிலிருந்து இரண்டு பக்கமும் எண்ணினேன். இருபத்தெட்டு. அப்போது ஹரல்ட் சொன்னதை மீறி நிமிர்ந்து பார்த்தேன். அது ரக்கிள் நடந்த இடத்திலேயே நின்றது. கைகள் தொங்கியபடி, எங்களுடைய ஜேர்சியோடு, மற்றவர்கள் ஓடிப்போன திசையைப் பார்த்துக்கொண்டு. அரைவாசி திரும்பியிருந்ததால் முதுகில் இலக்கம் தெரிந்தது. ஒன்பது.

அதே நேரம் எனக்குப் பத்து அடி முன்னால், கன்னத்தில் சேறோடு, ஒன்பதாம் இலக்கம் ஓடிப் போனாள். ஜெசிந்தா.

மட்டையை முழங்காலிலிருந்து அரை அடி உயர்த்தினேன். உயர்த்தினால் விசில் ஊதும். வரிசையில் நிற்பார்கள். பதின்மூன்று பேர்தான் நிற்பார்கள் என்று எனக்குத் தெரியும். பிறகு ஹரல்ட் என்னைப் பார்ப்பார். கண்ணைச் சோதிக்கச் சொல்வார், வேறு இடத்தில், வேறு தாளில். இதையெல்லாம் நினைக்க எனக்கு ஆறு விநாடி பிடித்தது. மட்டையைக் கீழே வைத்தேன். 13 என்று எழுதினேன். பக்கத்துக் கட்டத்தில், எவரையும் பாராமல், ஒரு சரி போட்டேன். திரும்பப் பார்த்தபோது எதிர்க் கரையில் புகார் மட்டும் நின்றது.

இரண்டாம் பாதியில் புகார் விலகியது. எட்டு எண்ணலும் இருபத்தாறு. ஜெசிந்தா அந்தப் பாதியில் இருபத்துநாலு ரக்கிள் செய்தாள், வழக்கத்தை விடக் கூட. ஒன்றிலும் பிழை இல்லை. மைதானத்தில் எல்லோரையும் விடச் சத்தம் போடுகிறவள், அன்று நாற்பது நிமிடமும் வாய் திறக்கவில்லை.

முடிந்ததும் படலையில் நின்று எண்ணினேன். பதினாறு பேர் வந்தார்கள். பதினேழாவதாக ஜெசிந்தா வந்தாள். வெளியே வந்து, படலையைச் சாத்தாமல், ஒரு கையால் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"எல்லாரும் வந்தாச்சு, பிள்ளை" என்றேன். "பதினேழு."

"இல்லை அங்கிள். இன்னும் ஒராள்."

வெறும் மைதானத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு மெல்லப் படலையை விட்டாள். தன்னுடைய எண்ணிக்கையை அன்று கேட்கவில்லை. நாற்பத்துமூன்று. நானும் சொல்லவில்லை.

ஆனியில் அவுஸ்திரேலியாக்காரரின் பரிசோதனையில் அவள் விழுந்தாள். ஒப்பந்தம் போயிற்று. அதோடு நிற்கவில்லை. வெளிச்சத்தில் இருக்க முடியாது. காலையில் சொன்னது மத்தியானம் நினைவில்லை. டொக்டர்மார் மூளைப் படங்களைப் பார்த்து, மே மாத நடுவில் பட்ட பலமான அடி என்றார்கள். அடிபட்ட பிறகும் ஐம்பது நிமிடம் ஆடியது கூடாத காரியம் என்றார்கள். எப்போது பட்டது என்று எவருக்கும் தெரியாது. ஆட்டத்தின் காணொளியில் புகாரின் வெறும் வெள்ளை.

அதே ஆனியில் நான் கண் புரையை வெட்டுவித்தேன். வைத்தியரிடம் கேட்டேன், புரை இருந்தால் ஒன்று இரண்டாய்த் தெரியுமா என்று. தெரியலாம் என்றார். வீட்டுக்கு வந்து யோசித்தேன். இரண்டாய்த் தெரிந்தால் எல்லாம் இரண்டாய்த் தெரிய வேண்டும். இருபத்தாறு ஐம்பத்திரண்டாக வேண்டும். இருபத்தெட்டு எப்படி வரும்? ஹரல்ட் சொன்னதையும் யோசித்தேன், பிடித்த முகத்தை இரண்டு தரம் எண்ணுவாய் என்று. ஆனால் நான் எண்ணியது முகத்தை அல்ல.

ஆடியில் ஒரு செவ்வாய்க்கிழமை பகல் அஜக்ஸுக்குப் போனேன். தாய் கதவைத் திறந்தா. திரைச்சீலை எல்லாம் மூடிக் கிடந்தது.

"வாங்கோ அண்ணை. நான் அப்பவே சொன்னனான்" என்றா. தேத்தண்ணி போடப் போனவ, குசினியிலிருந்து திரும்பி வந்து குரலைத் தாழ்த்தினா. "வெளியால போயிட்டு வந்தா கதவைச் சாத்தமாட்டாள். பிடிச்சுக்கொண்டு நிப்பாள். ஆர் பிள்ளை வருகினம் எண்டு கேட்டா, ஒருத்தரும் இல்லை எண்டுறாள். ஆனா விடமாட்டாள். நான் செபமாலை சொல்லிப் பாத்திட்டன். பாதரைக் கூப்பிட்டும் காட்டியாச்சு."

ஜெசிந்தா சோபாவில் கறுப்புக் கண்ணாடியோடு இருந்தாள்.

"கணக்கு அங்கிள். கண் வெட்டினதாம்?"

"ஓம்."

"இப்ப நல்லாத் தெரியுதோ? அப்ப பழைய கணக்கெல்லாம் பிழை."

பகிடி பழையபடிதான். குரல்தான் கொஞ்சம் பிந்தி வந்தது. அன்று என்ன நினைவிருக்கிறது என்று கேட்டேன். நான் கண்டதை அதுவரை ஒருவருக்கும் சொல்லவில்லை. அவளுக்கும் சொல்லவில்லை. இதை வாசிக்கிறவர்கள் இந்த இடத்தைக் கவனிக்க வேண்டும்.

"அந்தக் கரையில ஒராளைப் பிடிச்சனான். அவவின்ர முழங்கால் இஞ்ச பட்டது." காதுக்கு மேலே தொட்டாள். "பிறகு எழும்பி நிண்டனான். எங்கட ஆக்கள் எல்லாரும் ஓடிப் போகினம். நான் நிண்டு பாக்கிறன். ஓட ஏலாமல் கிடக்கு. அவையளோட ஒன்பதாம் நம்பரும் ஓடுது, அங்கிள். ஆரோ என்ர ஜேர்சியைப் போட்டுக்கொண்டு ஓடினமாதிரி. ஐ வோஸ் லைக், அது ஆர்?"

"பிறகு?"

"பிறகு ஒண்டும் ஞாபகமில்லை. உங்களைக் கண்டனான். பெஞ்சில இருந்து என்னைப் பாத்தீங்கள். ஒரேஞ் மட்டையைத் தூக்கினீங்கள். தூக்குங்கோ, தூக்குங்கோ எண்டு நினைச்சனான். பிறகு கீழ வைச்சிட்டீங்கள்."

தேத்தண்ணி வந்தது. நான் குடிக்கவில்லை. வெளியே வந்து காருக்குள் இருந்தேன். என்ஜினை எத்தனை மணிக்கு எடுத்தேன் என்று எழுதி வைக்கவில்லை.

இன்சூரன்ஸ்காரர் அவளுடைய கோரிக்கையை மறுத்தார்கள். வைத்தியத்துக்கும் வேலை செய்ய முடியாத வருடங்களுக்கும் அந்தப் பணம்தான் வழி. தாய் ஒரு முதியோர் இல்லத்தில் துப்புரவு வேலை. மறுத்ததற்குக் காட்டிய காரணம் என்னுடைய தாள். ஐந்து நிமிடத்துக்கு ஒரு தடவை, பதினாறு எண்ணிக்கை, பதினாறு சரி அடையாளம். ஒன்பது வருடம் ஒரு பிழையும் செய்யாத அலுவலர், எல்லோரும் ஒழுங்காக நிற்கிறார்கள் என்று பதினாறு தடவை கண்டிருக்கிறார். ஆகவே ஆட்டத்தில் அடி படவில்லை. வீட்டில் எங்காவது விழுந்திருக்கலாம். என்னுடைய நல்ல பெயரே அவளுக்கு எதிராக நின்றது.

கார்த்திகையில் விசாரணை. ஸ்காபரோவில் ஒரு கட்டடத்தின் ஆறாவது மாடி. மேசைக்குப் பின்னால் மூன்று பேர், லீக்கின் சார்பில் ஹரல்ட் நடுவில். இன்சூரன்ஸ்காரப் பெண் ஓரத்தில். ஜெசிந்தா கறுப்புக் கண்ணாடியோடு தாய்க்குப் பக்கத்தில். தாளைக் காட்டி, இது உங்கள் கையெழுத்துத்தானா என்று அந்தப் பெண் கேட்டா.

"ஓம். ஆனால் முப்பதாவது நிமிடத்து வரி பொய்" என்றேன்.

கண்புரையைச் சொன்னேன். பதினைந்து எழுத்தைப் பாடமாக்கியதைச் சொன்னேன். சரி அடையாளத்தை எவரையும் பாராமல் போட்டதைச் சொன்னேன். மட்டையைத் தூக்கியிருந்தால் டொக்டர் அவள் கண்ணைப் பார்த்திருப்பார் என்றும் சொன்னேன்.

"அப்படியென்றால் உங்களுக்கு இரண்டாகத் தெரிந்தது" என்றா அந்தப் பெண்.

"இல்லை. இரண்டாகத் தெரிந்திருந்தால் ஐம்பத்திரண்டு வந்திருக்கும்."

அவ எழுதுவதை நிறுத்தினா. ஹரல்ட் சட்டைப் பையிலிருந்து பென்சில் எடுத்தார். நீளமானது. நான் அதை அவர் கையில் கண்டது அன்றுதான்.

"எத்தனை, மிஸ்டர் நாதன்?"

"பதினாலு, சேர்."

"எத்தனை தரம் எண்ணினீர்?"

"மூன்று தரம்."

"கூட நின்றது எந்த இலக்கம்?"

"ஒன்பது."

அவர் ஜெசிந்தாவைப் பார்த்தார். அவள் கண்ணாடியைக் கழற்றவில்லை. தலையை மட்டும் ஒருதரம் அசைத்தாள். ஹரல்ட் எழுதினார். "நன்றி" என்றார், களஞ்சியத்தில் பெட்டி வாங்கிக்கொள்கிறவர் சொல்வதுபோல.

மூன்று கிழமையில் தீர்ப்பு வந்தது. அன்றைய தாள் செல்லாது. டொக்டர்மாரின் அறிக்கை ஏற்கப்பட்டது. ஜெசிந்தாவுக்குப் பணம் உண்டு. இரண்டாவது பக்கத்தில் ஹரல்டின் கையெழுத்தோடு இன்னொரு முடிவு. பொய் எண் எழுதிய அலுவலரின் தாள்கள் ஒன்றையும் இனி நம்ப முடியாது. 2014 முதல் 2023 வரை, கொள்ளை நோயால் ஆட்டம் நடக்காத வருடத்தை விட்டு, ஒன்பது பருவத்தின் எல்லாத் தாள்களும் பதிவேட்டிலிருந்து நீக்கப்படும். மேல்முறையீடு செய்யலாம் என்று இருந்தது. செய்யவில்லை. அவர் எனக்குப் பயிற்சியின்போதே சொன்ன விஷயம்.

தாள்களோடு அவற்றின் ஓரத்தில் நான் போட்ட கோடுகளும் போயின. இரண்டாயிரத்து அறுநூற்றுப் பதினாலு ரக்கிள். அதைச் சொல்வதற்கு மறுபடியும் அஜக்ஸுக்குப் போனேன்.

"அப்ப நான் ஒருத்தரையும் விழுத்தேல்லையோ?" என்றாள் ஜெசிந்தா.

"பதிவேட்டில இல்லை."

"முந்தி நாப்பது எண்டு போடச் சொன்னா மாட்டன் எண்டீங்கள். இப்ப எல்லாத்தையும் சைபர் ஆக்கிப்போட்டு வந்து நிக்கிறீங்கள்." சிரித்தாள். சிரிப்பு முடிய நேரம் எடுத்தது. "பரவாயில்லை அங்கிள். விழுந்தவைக்குத் தெரியும்."

பிறகு, வெளியே கொஞ்சம் நடப்போம் என்றாள். மப்பு மந்தாரமான நாள், அவள் கண்ணுக்கு நல்லது. தெரு முனை வரை நூற்றுப்பத்து அடி நடந்து திரும்பினோம். வாசலில் அவள் கதவைத் திறந்து உள்ளே போய், என்னையும் உள்ளே விட்டு, கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். தாய் குசினி வாசலில் வந்து நின்று பார்த்தா. நான் கதவின் மறு விளிம்பைப் பிடித்தேன். "நீ போய் இரு. நான் பிடிக்கிறன்" என்றேன். அவள் போய் இருந்தாள். நான் எண்ணிக்கொண்டு நின்றேன். குளிர் காற்று உள்ளே வந்தது. அறுபத்துநாலாவது விநாடியில், சோபாவிலிருந்து, "சரி அங்கிள், சாத்துங்கோ" என்று அவள் குரல் வந்தது. பிந்தி வரவில்லை. சாத்தினேன்.

இப்போதும் மாதம் ஒருமுறை போகிறேன். சில நாள் கதவை அறுபது விநாடி பிடிக்கிறேன், சில நாள் நூறு.

நிரோஷாவுக்காகக் கணக்கையும் எழுதிவிடுகிறேன். நான் இழந்தது நூற்றுப் பதினெட்டு ஆட்டத்தின் தாள்கள். ஆட்டத்துக்குப் பதினாறு எண்ணல், ஆக ஆயிரத்து எண்ணூற்று எண்பத்தெட்டு. எண்ணலுக்கு இருபத்தாறு சொக்ஸ் என்றால் நாற்பத்தொன்பதாயிரத்து எண்பத்தெட்டு. தண்டனையில் ஒருத்தி வெளியே இருந்த எண்ணல்கள் பத்தொன்பது. அதற்கு முப்பத்தெட்டைக் கழிக்க வேண்டும். 2016இல் கூட நின்ற பிள்ளைக்கு இரண்டைச் சேர்க்க வேண்டும். தாள்களில் இருந்தபடி கூட்டினால் நாற்பத்தொன்பதாயிரத்து ஐம்பத்திரண்டு வரும். முப்பதாவது நிமிடத்தில் நான் எழுதாமல் விட்ட சோடியையும் சேர்த்து, சரியான தொகை நாற்பத்தொன்பதாயிரத்து ஐம்பத்துநாலு.